வெளிநாட்டுப் பட்டமும் பொதுத்துறை வேலைவாய்ப்பும்: மதிப்பீடு, உரிமம், தகுதி

இலங்கையிலோ இந்தியாவிலோ பட்டம் பெற்ற ஒருவர் இங்கு பொதுத்துறை வேலைக்கு விண்ணப்பிக்க முற்படுகையில், “எனது பட்டம் அங்கீகரிக்கப்பட்டதா?” என்பதே முதலில் எழும் கேள்வி. கனடாவில் கல்வி மாகாணங்களின் அதிகாரத்துக்கு உட்பட்டது. வெளிநாட்டுப் பட்டங்களை நாடு முழுவதற்குமாக அங்கீகரிக்கும் தனியோர் அலுவலகம் இல்லை. சான்று மதிப்பீடு, தொழில் உரிமம், வேலை வழங்குநரின் நிபந்தனை ஆகிய மூன்றும் வெவ்வேறானவை. விரும்பும் பதவிக்கு இவற்றுள் எது தேவை என அறியாமல் கட்டணம் செலுத்துவோர், பல மாதங்களையும் சேமிப்பையும் வீணே இழக்க நேரிடும்.

சான்று மதிப்பீடு

வெளிநாட்டுப் பட்டம் கனடாவின் எந்தக் கல்வி நிலைக்கு நிகரானது என்பதை மதிப்பீட்டு அறிக்கை கூறுகிறது. வேர்ல்ட் எஜுகேஷன் சர்வீசஸ், ரொறன்ரோ பல்கலைக்கழகத்தின் ஒப்பீட்டுக் கல்விச் சேவை முதலியன இதனை வழங்குகின்றன. பட்டத்தின் நிலையை மட்டும் குறிக்கும் அறிக்கையும், பாடவாரியாக மதிப்பிடும் அறிக்கையும் உண்டு. பின்னையதற்குக் கட்டணம் அதிகம். குடிவரவுக்காகப் பெற்ற அறிக்கை ஏற்கப்படுமா என்பதை முதலில் கேட்டறிந்த பின்னரே புதியதற்கு விண்ணப்பிக்கலாம்.

தொழில் உரிமம்

மதிப்பீட்டு அறிக்கை உரிமம் ஆகாது. மாநகராட்சி நடத்தும் குழந்தைப் பராமரிப்பு நிலையத்தில் ஆரம்பகால குழந்தைக் கல்வியாளராகப் பணிபுரிய, அத்தொழிலுக்கான ஒன்ராறியோ கல்லூரியில் பதிவு பெற்றிருக்க வேண்டும். அரச பாடசாலை ஆசிரியருக்கு ஒன்ராறியோ ஆசிரியர் கல்லூரியின் சான்றிதழ் தேவை. சட்டப் பட்டதாரிகள் தேசிய தகுதியேற்புக் குழுவின் மதிப்பீட்டிலிருந்து தொடங்க வேண்டும்.

ஒன்ராறியோவில் 2006ஆம் ஆண்டின் நியாயமான அணுகல் சட்டம், அதற்கு உட்பட்ட உரிமம் வழங்கும் அமைப்புகள் மறுப்புக்கான காரணத்தை எழுத்தில் தரவும், மீளாய்வுக்கு அல்லது மேன்முறையீட்டுக்கு இடமளிக்கவும் கட்டாயப்படுத்துகிறது. எனவே, மறுப்புக் கடிதத்துடன் முயற்சியைக் கைவிட வேண்டியதில்லை. நியாய ஆணையாளர் அலுவலகம் இவ்வமைப்புகளைக் கண்காணிக்கிறது. ஆயினும் தனிநபர் விண்ணப்பங்களில் அது தலையிடுவதில்லை.

வேலை வழங்குநரின் நிபந்தனை

எழுதுவினைஞர், நிகழ்ச்சி ஒருங்கிணைப்பாளர் போன்ற பல பதவிகளுக்கு உரிமம் தேவையில்லை. ரொறன்ரோ மாநகராட்சியின் விளம்பரங்கள் பலவற்றில், குறிப்பிட்ட கல்விக்குப் பதிலாக, அதற்கு நிகரான கல்வியும் அனுபவமும் சேர்ந்த தகுதி ஏற்கப்படும் என்ற வாசகம் இருக்கும். அந்த ஒரு வரியைக் கவனியாது விலகிச் செல்வோர், தமக்குரிய வாய்ப்பையே இழக்கின்றனர். மில்லிக்கனில் ஸ்டீல்ஸ் அவெனியூவின் தெற்கே ரொறன்ரோ, வடக்கே மார்க்கம். இரண்டும் தனித்தனியே ஆட்சேர்ப்புச் செய்வதால் இரு விளம்பரப் பட்டியல்களையும் பார்ப்பது நன்று.

மத்திய அரசுப் பணிகளில் வெளிநாட்டுப் பட்டத்துக்கு நிகர்நிலை மதிப்பீடு தேவை. முன்னர், முன்னாள் படைவீரர்களுக்கு அடுத்தபடியாகக் குடிமக்களுக்கு இருந்த முன்னுரிமை, 2021 திருத்தத்தின்படி நிரந்தர வதிவாளர்களுக்கும் சமமாக வழங்கப்பட்டுள்ளது.

ஒன்ராறியோவின் வேலைத்தரச் சட்டத்துக்கு உட்பட்டு, 25 அல்லது அதற்கு மேற்பட்ட பணியாளர்களைக் கொண்ட வேலை வழங்குநர்கள், 2026 ஜனவரி 1 முதல், பொதுவில் வெளியிடும் விளம்பரங்களில் “கனடிய அனுபவம்” தேவை எனக் கோர முடியாது.

ஆவணங்கள்

பட்டத்தை வழங்கிய பல்கலைக்கழகத்தின் பெயரைச் சான்றிதழில் உள்ளவாறே எழுத வேண்டும். வவுனியாப் பல்கலைக்கழகம் 2021இல் தனிப் பல்கலைக்கழகமானது. அதற்கு முன் அது யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தின் வளாகமாக இருந்தது. ஆகவே முந்திய பட்டங்கள் யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தினுடையவை. தமிழ்நாட்டில் இணைவுபெற்ற கல்லூரியில் பயின்றவருக்குப் பட்டம் வழங்கியது கல்லூரியன்று, பல்கலைக்கழகமே.

பாடப் பெறுபேற்றுப் பட்டியலைப் பல்கலைக்கழகமே நேரடியாக அனுப்ப வேண்டுமென மதிப்பீட்டு நிறுவனங்கள் பொதுவாகக் கோரும். இதற்குக் காலம் எடுக்கும் என்பதால், விளம்பரம் வெளிவரும் வரை காத்திராமல் பல்கலைக்கழகப் பதிவாளருக்கு முன்கூட்டியே எழுதுவது நல்லது. போரிலோ இடப்பெயர்விலோ சான்றிதழை இழந்தவர்கள் பட்டம் பெற்ற ஆண்டு, பீடம், பதிவிலக்கம் ஆகியவற்றைக் குறிப்பிட்டு அதே பதிவாளரை நாடலாம். சான்றிதழ் தொலைந்தாலும் பெற்ற பட்டம் இல்லாமற் போவதில்லை.

அருகிலுள்ள குடியேறியோர் சேவை நிலையங்களை அறிய 211 என்ற எண்ணை அழைத்து, தமிழ் மொழிபெயர்ப்பாளர் வேண்டும் எனக் கேட்கலாம்.