வீட்டுக் கடனின் முழு விலை

"வீட்டைக் கட்டிப் பார், கல்யாணம் பண்ணிப் பார்" என்பது நம் நாட்டுப் பழமொழி. கல்யாணச் செலவு எவ்வளவு பெரிதாயினும், பந்தல் பிரித்த மறுநாள் அதன் கணக்குத் தெரிந்துவிடும். பாங்கியில் கடன் வாங்கி வீடு கட்டும் கிருகஸ்தனின் நிலைமை அப்படிப்பட்டதன்று. வீட்டுக்கு அவன் என்ன விலை கொடுத்தான் என்பது, கடைசித் தவணையைச் செலுத்திப் பத்திரத்தைத் திருப்பி வாங்கும் நாளில்தான் பூரணமாகத் தெரிகிறது. பெரும்பாலோருக்கு அந்த நாள் வர இருபது வருஷம் ஆகிறது. அப்பொழுது தெரியப்போகும் தொகையைக் கையெழுத்திடுவதற்கு முன்பே அறிந்துகொள்ள இயலாதா? இயலும். அதற்குப் பெரிய பொருளாதார சாஸ்திரம் வேண்டியதில்லை. பள்ளிக்கூடத்துக் கணக்கே போதும். அந்தக் கணக்கை இன்று நமது நேயர்களின் முன் வைக்கிறோம்.

மதுரை நகரைச் சுற்றி எந்தத் திக்கில் சென்றாலும், ஊமச்சிகுளமாகட்டும், ஒத்தக்கடையாகட்டும், நாகமலைப் புதுக்கோட்டையாகட்டும், திருமங்கலம் சாலையாகட்டும், முன்பு நெல் விளைந்த நிலங்களில் மனைக் கற்கள் நடப்பட்டிருப்பதைக் காண்கிறோம். அந்த மனைகளை வாங்குவோர் பெருந்தனவந்தர்களல்லர். உபாத்தியாயர், குமாஸ்தா, கடைக்காரர், பஸ் தொழிலாளி முதலிய நடுத்தர ஜனங்களே. இவர்கள் பாங்கிக்குச் செல்லும்போது கேட்கும் கேள்விகள் இரண்டு. வட்டி எத்தனை சதவீதம்? மாதத் தவணை எவ்வளவு? மூன்றாவது கேள்வி ஒன்று உண்டு. முடிவில் மொத்தம் எத்தனை ரூபாய் கொடுத்திருப்பேன்? அதைக் கேட்போர் வெகு சிலர். கேளாமலே சொல்லுவோர் அதனினும் சிலர்.

ஓர் உதாரணத்தை எடுத்துக்கொள்வோம். நாற்பது லட்சம் ரூபாய் பெறுமானமுள்ள ஒரு வீட்டுக்கு 30 லட்சம் ரூபாய் கடன். வட்டி வருஷத்துக்கு நூற்றுக்கு எட்டரை. தவணைக் காலம் 20 வருஷம். நம் பக்கத்துப் பேச்சில் சொன்னால், இது நூற்றுக்கு மாதம் 71 காசு வட்டி. மூன்று ரூபாய் வட்டி, ஐந்து ரூபாய் வட்டி என்று கேட்டுப் பழகிய காதுக்கு இது மிக அற்பமாகவே ஒலிக்கும். மாதத் தவணை ரூ.26,035. இதையே 240 மாதம் செலுத்தினால் கூட்டுத்தொகை ஏறக்குறைய ரூ.62,48,000. வாங்கியது 30 லட்சம். வட்டியாகக் கொடுத்தது மட்டும் 32 லட்சத்து 48 ஆயிரம். வீட்டுக்காரனுக்குக் கிடைத்தது ஒரு வீடு. அவன் விலை கொடுத்ததோ ஏறக்குறைய இரண்டு வீட்டுக்கு.

இதில் கணக்கு மோசடி ஏதும் இல்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். நிலுவையிலுள்ள அசலுக்கு மட்டுமே பாங்கி வட்டி போடுகிறது. முதல் மாதத்தில் நிலுவை முழு 30 லட்சம். அதற்கு ஒரு மாத வட்டி ரூ.21,250. ஆகவே முதல் தவணை ரூ.26,035-ல் அசலைக் குறைப்பது ரூ.4,785 மாத்திரமே. அசல் மெதுவாகக் கரைகிறது. அசல் கரையாதவரை வட்டியும் கரையாது. பத்து வருஷம் ஒரு மாதமும் தவறாமல் செலுத்திய ஒருவன், 31 லட்சத்துக்கு மேல் கொடுத்துவிட்டோமே, இனிப் பாதிக் கடன்தானே என்று எண்ணினால் ஏமாந்து போவான். அன்றைக்கு அவன் அசல் பாக்கி ஏறக்குறைய 21 லட்சம். அசலில் சரிபாதி தீர்வதற்கு அவன் பதின்மூன்று வருஷம் பத்து மாதம் காத்திருக்க வேண்டும்.

இங்கேதான் விஷயத்தின் மர்மம் அடங்கியிருக்கிறது. கடனின் விலையை நிர்ணயிப்பது வட்டி விகிதம் மட்டுமல்ல. காலமும் அதற்குச் சமமான பங்கு வகிக்கிறது. அதே 30 லட்சத்தை, அதே எட்டரை வட்டிக்கு, 30 வருஷத் தவணையில் வாங்கினால் மாதத் தவணை ரூ.23,067-ஆகக் குறைகிறது. மாதம் மூவாயிரம் ரூபாய் லாபம் என்று குடும்பத்தில் எல்லோரும் மகிழ்வார்கள். ஆனால் மொத்தத் தொகை 83 லட்சத்தைத் தாண்டிவிடுகிறது. மாதம் மூவாயிரத்தை மிச்சப்படுத்த இருபது லட்சத்துக்கு மேல் அதிகம் கொடுக்கிறோம். 15 வருஷத்தில் தீர்ப்பதென்று துணிந்தாலோ, தவணை மாதம் ரூ.3,507 மட்டும் ஏறி ரூ.29,542 ஆகிறது, மொத்தத்தில் 9 லட்சத்து 30 ஆயிரம் மிஞ்சுகிறது. வயதையும் மறத்தலாகாது. தமிழ்நாட்டு சர்க்கார் உத்தியோகஸ்தர் 60 வயதில் ஓய்வு பெறுகிறார். முப்பத்தைந்தாவது வயதில் முப்பது வருஷக் கடன் வாங்குகிறவர், பென்ஷன் காலத்திலும் ஐந்து வருஷம் தவணை கட்டவேண்டிவரும்.

வட்டி விகிதமும் ஸ்திரமானதன்று. 2019-ம் வருஷம் அக்டோபர் முதல் தேதிக்குப் பிறகு பாங்கிகள் மாறும் வட்டியில் கொடுத்த வீட்டுக் கடன்கள், ரிசர்வ் பாங்கியின் ரெப்போ விகிதம் போன்ற வெளி அளவுகோல் ஒன்றுடன் பிணைக்கப்பட்டன. அந்த ரெப்போ விகிதம் 2022 மே மாதத்தில் 4 சதவீதத்திலிருந்து ஏறத் தொடங்கி, 2023 பிப்ரவரியில் 6.5 சதவீதத்தை எட்டியது. பத்து மாதத்துக்குள் இரண்டரை சதவீத ஏற்றம்! இதன் பொருளை ஓர் உதாரணத்தால் விளக்குவோம். ஏழு சதவீதத்தில் 30 லட்சத்தை 20 வருஷத்துக்கு வாங்கியவனின் தவணை ரூ.23,259. ஒரு வருஷம் ஒழுங்காகச் செலுத்தியபின் வட்டி ஒன்பதரையாக ஏறினால், நிலுவை அசலுக்கு ஒரு மாத வட்டியே ரூ.23,185 ஆகிறது. பழைய தவணையையே கட்டிவந்தால் அசலுக்குப் போவது 74 ரூபாய். அப்படியே விட்டால் கடன் தீர அறுபது வருஷம் செல்லும். தவணையை ஏற்றாமல் காலத்தை நீட்டுவது கடனாளிக்குச் செய்யும் தயவு போலத் தோன்றும். அதன் விலை இதுவே.

இவ்விடத்தில் நம் மதுரைச் சீமையில் வழங்கும் ஒத்தி முறையை ஞாபகப்படுத்துவது பொருந்தும். ஒத்திக்கு வருகிறவன் ஒரு தொகையை வீட்டுக்காரனிடம் கொடுத்து, வாடகையின்றிக் குடியிருக்கிறான். கெடு முடிந்ததும் கொடுத்த தொகையை அப்படியே திரும்பப் பெறுகிறான். பணத்துக்கு வட்டியில்லை, வீட்டுக்கு வாடகையில்லை. இதிலும் சிக்கல்கள் உண்டு. கெடுவன்று வீட்டுக்காரன் கையில் பணம் இல்லாவிட்டால் வியாஜ்யந்தான். ஆயினும் இரு தரப்பாரும் தாம் கொடுப்பது என்ன, பெறுவது என்ன என்பதை ஒரே தாளில் கண்டுகொள்ளுகிறார்கள். பாங்கிக் கடனில் விலை 240 துண்டுகளாக நறுக்கப்பட்டிருக்கிறது. துண்டைப் பார்க்கிறோம், முழுதைப் பார்ப்பதில்லை.

நமது மாகாணத்தின் பழைய சரித்திரத்தில் இது சம்பந்தமாக அறியவேண்டிய அத்தியாயம் ஒன்று உண்டு. கடன் கொடுத்தவன் ஒரு சமயத்தில் வசூலிக்கும் வட்டி பாக்கி அசலுக்கு மேற்படலாகாது என்பது ஹிந்து தர்ம சாஸ்திரத்தின் விதி. தாம்துபத் என்று கோர்ட்டுகள் அதைக் குறிப்பிட்டன. ஏற்கனவே கொடுத்துத் தீர்த்த வட்டியை அவ்விதி கணக்கில் சேர்க்கவில்லை. ஸ்ரீ ராஜகோபாலாச்சாரியாரைப் பிரதம மந்திரியாகக் கொண்ட காங்கிரஸ் மந்திரிசபை 1938-ம் வருஷத்தில் நிறைவேற்றிய சென்னை விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம் அதற்கும் ஒரு படி மேலே சென்றது. 1932 அக்டோபர் முதல் தேதிக்கு முந்திய விவசாயக் கடன்களில், அசலும் வட்டியுமாகச் சேர்த்து அசலைப்போல் இருமடங்கு செலுத்தியிருந்தால், கடன் முழுதும் தீர்ந்ததாகக் கொள்ளப்படும் என்பது அதன் ஷரத்து. விலைவாசி சரிந்து விவசாயி நிலத்தையே இழந்துகொண்டிருந்த காலத்துக்கு ஏற்பட்ட மருந்து அது. இன்றைய வீட்டுக் கடனுக்கு அச்சட்டம் செல்லாது. செல்லவேண்டும் என்றும் நாம் வாதிக்கவில்லை. ஆனால் இருமடங்கு என்பதை அன்றைய ஜனப்பிரதிநிதிகள் ஓர் எல்லைக் கோடாக மதித்தார்கள். இன்று 71 காசு வட்டிக் கடனும் இருபது வருஷத்தில் சத்தமில்லாமல் அக்கோட்டைத் தாண்டிவிடுகிறது. யோசிக்க வேண்டிய விஷயமல்லவா?

இதற்கு நியாயமான ஆக்ஷேபமும் உண்டு. இன்றைய ரூ.26,035-ம் இருபது வருஷத்துக்குப் பின் கொடுக்கப்போகும் ரூ.26,035-ம் ஒன்றல்ல, விலைவாசி ஏற ஏறத் தவணையின் பாரம் குறையும், சம்பளமும் உயரும், வாடகை மிச்சம், மனையின் மதிப்பும் ஏறலாம் என்பார்கள். இவை மெய்யே. ஆகையால்தான் கடனே வாங்கக்கூடாது என்று நாம் உபதேசிக்கவில்லை. ஆனால் அவ்விதம் வாதிப்பவர் கணக்கின் மறுபுறத்தையும் எழுதவேண்டும். கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வையும் பதிவுக் கட்டணமும், வீட்டு வரி, வெள்ளையடிப்பு, பழுதுபார்ப்பு எல்லாம் செலவே. கடனோடு இன்ஷ்யூரன்ஸ் பிரீமியம் ஒரு லட்சத்தைச் சேர்த்து அசலாக்கிவிட்டால், அந்த ஒரு லட்சம் இருபது வருஷத்தில் இரண்டு லட்சத்து எட்டாயிரமாகிறது. வருமான வரிச் சலுகையை நம்பிக் கடன் வாங்குவோர், புதிய வரி முறையில் சொந்தமாகக் குடியிருக்கும் வீட்டின் வட்டிக்குக் கழிவு கிடையாது என்பதையும் அறியவேண்டும்.

தவணை தவறினால் நேர்வது என்ன என்பதும் விலையின் ஒரு பகுதியே. 1882-ம் வருஷத்துச் சொத்து மாற்றச் சட்டம் அடமானம் வைத்தவனுக்குச் சொத்தை மீட்கும் உரிமையைக் கொடுத்தது. கடன் கொடுத்தவன் கோர்ட்டுக்குச் சென்றே சொத்தை ஏலத்துக்குக் கொண்டுவரவேண்டும் என்பதே பொது முறை. 2002-ம் வருஷத்து சர்பேசி சட்டம் பாங்கிகளுக்கு வேறு வழி திறந்தது. பாக்கி 90 நாளுக்கு மேல் நின்றால் அது வாராக் கடனாகிறது. 60 நாள் நோட்டீஸ் கொடுத்தபின், கோர்ட்டில் வழக்குத் தொடராமலே பாங்கி வீட்டை வசப்படுத்தலாம். சிவில் கோர்ட்டுக்கு அதில் அதிகாரம் இல்லை. மதுரைவாசிகள் இங்குள்ள கடன் வசூல் தீர்ப்பாயத்தையே நாடவேண்டும். மீட்க விரும்புவோர் ஏல விளம்பரம் வெளியாகுமுன் பாக்கி முழுவதையும் செலுத்திவிட வேண்டும் என்று 2016-ம் வருஷத் திருத்தம் கெடுவைக் குறுக்கியது. 2023-ல் சுப்ரீம் கோர்ட்டும் அதை உறுதி செய்தது. நோட்டீஸ் வந்தபின் உறங்குவோருக்குச் சட்டம் துணை நிற்காது.

ஆனால் விழித்திருப்போருக்கு ஆயுதங்கள் இல்லாமலில்லை. மாறும் வட்டியுள்ள வீட்டுக் கடனைத் தனிநபர் முன்கூட்டித் தீர்த்தால் பாங்கிகள் அபராதம் வசூலிக்கலாகாது என்று ரிசர்வ் பாங்கி 2012-ல் உத்தரவிட்டது. இதன் பலனைப் பாருங்கள். நமது முதல் உதாரணத்தில், வருஷத்துக்கு ஒரே ஒரு தவணையை அதிகமாகச் செலுத்திவந்தால் கடன் மூன்று வருஷம் மூன்று மாதம் முன்னதாகத் தீர்கிறது; ஆறு லட்சத்துக்கு மேல் மிஞ்சுகிறது. போனஸோ அறுவடைப் பணமோ வரும் மாதத்தில் இதைச் செய்யலாம். வட்டி ஏறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலந்து செய்வதா என்று தேர்ந்துகொள்ளும் உரிமையை 2023 ஆகஸ்டு உத்தரவு கடனாளிக்கு அளிக்கிறது. கடன் முழுதும் தீர்ந்த 30 நாளுக்குள் மூலப் பத்திரங்களைத் திருப்பித் தரவேண்டும். பாங்கியின் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு ரூ.5,000 நஷ்டஈடு என்பது அதே வருஷம் டிசம்பர் முதல் அமலிலுள்ள விதி.

எல்லாவற்றிலும் முக்கியமானது மற்றொன்று. 2024 அக்டோபர் முதல் தேதியிலிருந்து, கடன் கொடுப்போர் ஒவ்வொரு வீட்டுக் கடனுக்கும் முக்கிய விவரப் பத்திரம் ஒன்றை முன்னதாகவே கொடுத்தாக வேண்டும். கட்டணங்களையும் சேர்த்து வருஷத்துக்கு உண்மையில் எத்தனை சதவீதம் ஆகிறது, முடிவில் செலுத்தப்போகும் மொத்தம் எவ்வளவு, மாதந்தோறும் அசல் எவ்வளவு வட்டி எவ்வளவு என்பனவெல்லாம் அதில் இருக்கவேண்டும். கடன் வாங்குவோருக்கு விளங்கும் பாஷையில் அது இருக்கவேண்டும் என்பதும் விதி. தமிழனுக்கு விளங்கும் பாஷை எது என்று யாரும் நமக்குக் கற்பிக்க வேண்டியதில்லை.

தேச ஊழியர்களுக்கு நாம் கூறுவது இதுவே. மேடைகளில் பொருளாதார சுதந்தரத்தைப் பற்றி அழகாகப் பேசுகிறோம். இருபது வருஷம் மாதச் சம்பளத்தின் பெரும்பகுதியைத் தவணைக்கு எழுதிக்கொடுத்தவன், மேலதிகாரி அநீதி செய்தாலும் வாய் திறக்க அஞ்சுவான்; வேலை நிறுத்தத்துக்கும் அஞ்சுவான். அவன் அச்சத்தைக் கோழைத்தனம் என்று இகழ்வது எளிது. அதன் காரணம் அவன் பீரோவிலுள்ள கடன் பத்திரத்தில் இருக்கலாம். ஆகவே ஒவ்வொரு பேட்டையிலும், மேலூர், வாடிப்பட்டி, திருமங்கலம் முதலிய ஊர்களிலும், சங்கங்களும் வாசகசாலைகளும் இந்தக் கணக்கை ஜனங்களுக்குப் போட்டுக் காட்டட்டும். கடன் வாங்கப்போகும் ஒவ்வொருவரும் முக்கிய விவரப் பத்திரத்தைத் தமிழில் கேட்டு வாங்கட்டும். அதைப் பெற்று, வீட்டிலுள்ள ஸ்திரீகளையும் அருகில் வைத்துக்கொண்டு, மொத்தத் தொகை எழுதியுள்ள வரியை உரக்கப் படிக்கட்டும். அதன் பிறகும் வீடு வேண்டுமென்று தோன்றினால் தாராளமாகக் கையெழுத்திடலாம். தாம் கொடுக்கும் விலையை அறிந்து வாங்கியவர்களாக இருப்பார்கள்.