வெப்ப பூமியில் பட்டாணிச் சாகுபடி

பட்டாணி நம்மவர் நாள்தோறும் உண்ணும் பண்டம். குருமாவிலும் கடற்கரைச் சுண்டலிலும் அது இல்லாமல் முடியாது. ஆயினும் பச்சைப் பட்டாணி நீலகிரி, கொடைக்கானல் மலைகளிலிருந்தும் வட இந்தியாவிலிருந்தும் நமக்கு வந்து சேருகிறது. காய்ந்த பட்டாணியோ கனடா முதலிய தேசங்களிலிருந்தும் கப்பலேறி வருகிறது. இவ்வளவு செலவாகும் பண்டத்தை நமது நிலத்திலேயே பயிரிடலாகாதா என்று எண்ணுவது இயல்பே. புதுச்சேரியை அடுத்த கதிர்காமம் போன்ற வெப்பமான இடத்தில் இது எந்த அளவுக்குக் கைகூடும் என்பதை இங்கு விளக்குவோம்.

பட்டாணி மேற்காசியாவில் குளிர்காலப் பயிராகத் தோன்றியது. 13 முதல் 18 டிகிரி சென்டிகிரேட் வரையுள்ள குளிர்ச்சியே அதற்கு உகந்தது. உஷ்ணம் 30 டிகிரியைத் தாண்டினால் மகரந்தம் கெடும், பூக்கள் உதிரும், தங்கிய காய்களிலும் மணிகள் குறையும். இரவு புழுக்கமாயிருந்தால், பகலில் சேமித்த சத்தைச் செடி தானே செலவிட்டு விடும். புதுச்சேரியில் தை மாதத்தில்கூடப் பகலில் சுமார் 29 டிகிரியும் இரவில் சுமார் 21 டிகிரியும் உஷ்ணம் இருக்கிறது; வைகாசியில் பகல் உஷ்ணம் சுமார் 37 டிகிரியை எட்டுகிறது. ஜலம் எவ்வளவு பாய்ச்சினும் இக்குறையை நீக்க இயலாது. செடி தழைக்கும், காய் பிடிக்காது.

ஆகையால் பட்டாணியைக் கொல்லைப்புறத்தில் ஓரிரு குழி நிலத்தில் மட்டும், வீட்டு உபயோகத்திற்காகப் பயிரிடுவதே விவேகம். வடகிழக்குப் பருவமழையின் வேகம் தணிந்தபின், கார்த்திகைக் கடைசியிலோ மார்கழி முதல் வாரத்திலோ விதைக்க வேண்டும். தாமதித்தால் பூக்கும் தருணத்தில் மாசி வெயில் வந்துவிடும். மளிகைக் கடைப் பட்டாணி எந்த ரகம், எத்தனை நாளில் காய்க்கும் என்பது தெரியாதாகையால் அதை விதைத்தல் கூடாது. அர்கெல் போன்ற குறுகிய கால ரகமே ஏற்றது. பெங்களூர் இந்தியத் தோட்டக்கலை ஆராய்ச்சி நிலையத்தார் 35 டிகிரி வரை தாங்கும் ஆர்க்கா சைத்ரா, ஆர்க்கா தாபஸ், ஆர்க்கா உத்தம் என்னும் ரகங்களை வெளியிட்டுள்ளனர். அவற்றையும் சிறிதளவில் சோதித்துப் பார்க்கலாம்.

மக்கிய எரு இட்ட, ஜலம் தேங்காத மேட்டுப் பாத்தியில் ஒன்றரை அங்குல ஆழத்தில் விதைகளை ஊன்றுக. வேர்ப்பகுதியை வைக்கோலால் மூடுக. பிற்பகல் வெயில் நேரே படாதபடி அவரைப் பந்தலின் கீழ்த்திசையைத் தேர்ந்துகொள்வது நன்று. ஏறுவதற்குக் குச்சிகளை நடுக. இளங்கொழுந்துகளைக் கீரையாகவும் சமைக்கலாம். காய் குறைந்தாலும் பாடு முற்றும் வீணாகாது.

விற்பனைக்கென ஏக்கர்க் கணக்கில் பயிரிட விரும்புவோர் காராமணியை நாடுவதே மேல். ஆப்பிரிக்காவைத் தாயகமாகக் கொண்ட இப்பயிர் பட்டாணிக்கு உறவாயினும் குணத்தில் மாறுபட்டது. பட்டாணி வாடும் வெயிலில் இது செழிக்கும். தட்டைப்பயறு என்பதும் இதுவே. பிஞ்சு கறிக்கும், பயறு சுண்டலுக்கும், கொடி மாட்டுக்கும் உதவும். வேர் முடிச்சுகள் காற்றிலுள்ள தழைச்சத்தை நிலத்தில் சேர்க்கும். பயறுக்குக் கோ 7, வம்பன் 1 ஆகியனவும், பிஞ்சுக்குப் பூசா கோமல், ஆர்க்கா கரிமா ஆகியனவும் ஏற்ற ரகங்கள்.

இறவையில் மாசியிலும், மானாவாரியில் ஆடி, புரட்டாசி மாதங்களிலும் விதைக்கலாம். ஏக்கருக்கு 8 முதல் 10 கிலோ விதை போதும். ரைசோபியம் நுண்ணுயிரை ஆறிய அரிசிக் கஞ்சியில் கலந்து விதைக்குப் பூசி நிழலில் உலர்த்துக. வரிசைக்கு வரிசை 18 அங்குலமும் செடிக்குச் செடி 6 அங்குலமும் இடைவெளி விடுக. விதைத்தவுடனும் மூன்றாம் நாளும் ஜலம் பாய்ச்சிய பிறகு, பத்துப் பதினைந்து நாட்களுக்கு ஒருமுறை பாய்ச்சினால் போதும். பூக்கும்போதும் காய் பிடிக்கும்போதும் மட்டும் வறட்சி கூடாது. அசுவினி கண்டால் 100 லிட்டர் ஜலத்துக்கு 5 கிலோ வேப்பங்கொட்டை வீதம் இடித்து ஊறவைத்து வடித்த சாற்றை மாலையில் தெளிக்குக. பயறை நன்கு காயவைத்துச் சேமித்தால் வண்டுத் தொல்லை குறையும்.

கடலோரக் கிணறுகளில் மிகையாக இறைத்தால் உவர் ஏறும் அபாயம் உண்டு. பலனளிக்காத பயிருக்கு ஊற்றும் ஜலம் இவ்வாண்டுக்கு மட்டுமன்றி வருமாண்டுக்கும் நஷ்டமாகும். ஆகவே பட்டாணிக்குக் கொல்லையையும் காராமணிக்கு வயலையும் ஒதுக்குவதே நமது பூமிக்குப் பொருந்திய முறை. ஐயமுள்ளோர் குரும்பாப்பட்டிலுள்ள பெருந்தலைவர் காமராஜர் வேளாண் அறிவியல் நிலையத்தில் ஆலோசனை பெறலாம். குடியானவர்கள் இதனைக் கவனித்துப் பயனடைவார்களாக.