பொது வாய்க்காலில் விளையும் நிரல்கள்

கும்பகோணத்து வாசகர் ஒருவர், தம் வீட்டு மேசைக் கணினியில் நெல் வரவு செலவு எழுதும் நிரலைத் திறக்கும்போதெல்லாம் ‘எம்.எஸ்.வி.சி.பி.140.டி.எல்.எல். காணப்படவில்லை’ என்ற அறிவிப்புத் தோன்றுகிறதென்றும், நிவாரணம் தேடி இணையத்துக்குள் போனால் அந்த ஒரு கோப்பை மாத்திரம் இலவசமாகத் தருகிறோம், ஒரே சொடுக்கில் சகல கோளாறுகளையும் தீர்க்கிறோம் என்று கூவுகிற தளங்களே முன்வந்து நிற்கின்றனவென்றும் எழுதி, அவற்றை நம்பலாமா என்று கேட்டிருக்கிறார். நம்பலாகாது. அதற்குக் காரணம் சொல்லப் புகுந்தால், கணினி யந்திரத்தின் மிக அழகான ஏற்பாடு ஒன்றைப் பற்றிப் பேசும் சந்தர்ப்பமும் வாய்க்கிறது.

தஞ்சைத் தரணியில் வயலுக்கு ஓர் ஆறு என்ற கணக்குக் கிடையாது. மேட்டூரில் திறந்த நீர் கல்லணையை அடைந்து, காவிரியாகவும் வெண்ணாறாகவும் பிரிந்து, கிளை வாய்க்கால், கன்னி வாய்க்கால் என்று இறங்கித் திருவையாற்று வயலையும் தலைஞாயிற்றுக் கடைமடையையும் நனைக்கிறது. நிரல்களும் அவ்வாறே. கோப்பைத் திறப்பது, திரையில் எழுத்து வரைவது போன்ற பொதுக் காரியங்களை ஒவ்வொன்றும் தனித்தனியே எழுதிச் சுமக்காமல், பொது நூலகக் கோப்புகளிலிருந்து பெற்றுக்கொள்கின்றன. நிரலைத் தொடங்கும்போது வேண்டிய நூலகங்களைத் தேடி மடை திறந்துவிடும் லஸ்கருக்கு ‘ஏற்றி’ என்று பெயர். அவன் தேடிய வாய்க்கால் அகப்படாவிட்டால் கடைமடை காய்கிறது, வாசகர் கண்ட அறிவிப்பு தோன்றுகிறது. நூலகங்களை எல்லாம் தன்னோடு கட்டிச் சுமந்துவரும் நிரல் பம்புசெட் வைத்த வயலைப் போன்றது. அதற்கு லஸ்கர் தயவு வேண்டாம். ஆனால் ஆற்று வெள்ளத்தோடு வரும் வண்டல் அதற்குச் சேராது. 2014-இல் ஓப்பன் எஸ்.எஸ்.எல். நூலகத்தில் ‘ஹார்ட்பிளீட்’ என்னும் ஓட்டை வெளிப்பட்டபோது, பொதுப் பிரதியைத் திருத்தி நிரல்களை மறுபடி தொடங்கியதும் அதை உபயோகித்த நிரல்கள் எல்லாவற்றிலும் அவ்வோட்டை ஒருங்கே அடைபட்டது. தனிப் பிரதி வைத்திருந்தவற்றை ஒவ்வொன்றாகத் தேடித் திருத்த நேர்ந்தது. ஆகவே, பொட்டலமாகக் கட்டித் தரும் முறை இத்தொல்லைக்கெல்லாம் முற்றுப்புள்ளி வைத்துவிட்டது என்ற விளம்பரத்தை நான் ஏற்பதற்கில்லை. தலைமடையில் நஞ்சு கலந்தால் எல்லா வயலும் கெடும் என்பதும் மெய்தான்: 2024 மார்ச்சில் லினக்ஸின் எக்ஸ்.இஸட். நூலகத்தில் ஒருவர் திட்டமிட்டுப் புகுத்திய கள்ளவாயிலை, தொலைவிலிருந்து கணினிக்குள் நுழைய வழக்கத்தைவிட அரை விநாடி கூடுதலாகிறதே என்று ஐயுற்ற ஆண்ட்ரெஸ் ஃப்ராயண்ட் என்ற பொறியாளர் கண்டுபிடித்தார்.

என்னை வியப்பில் ஆழ்த்துவது வேறொன்று. நூலகம் நினைவகத்தில் எந்த முகவரியில் அமரும் என்பது நிரலை எழுதும் காலத்தில் ஒருவருக்கும் தெரியாது. பகைவர் ஊகித்துவிடாதபடி அந்த முகவரியை வேண்டுமென்றே மாற்றி மாற்றி வைப்பதும் உண்டு. பின் எப்படி அழைப்பது? நிரல் நேராக அழைப்பதில்லை. தன்னிடமுள்ள சிறு அட்டவணையின் இன்ன கட்டத்தில் எழுதியிருக்கும் முகவரிக்குப் போகிறது. விண்டோஸில் பெரும்பாலும் இக்கட்டங்கள் தொடக்கத்திலேயே நிரப்பப்படுகின்றன. லினக்ஸின் பழைய வழக்கமோ இன்னும் நயமானது: முதலில் கட்டங்களிலெல்லாம், தேடித் தருகிற துணைநிரலுக்கே வழி காட்டப்பட்டிருக்கும், முதல் அழைப்பு அங்கே செல்ல, அது பெயரைக் கொண்டு உரிய இடத்தைத் தேடிக் கண்டு, அம்முகவரியைக் கட்டத்தில் எழுதிவிட்டு, அழைத்தவனையும் அங்கேயே கொண்டு சேர்க்கும், அடுத்த அழைப்பு முதல் தேடலே இல்லை. (இக்காலத்தில் பாதுகாப்புக் கருதிப் பல லினக்ஸ் வெளியீடுகள் முதலிலேயே எல்லாவற்றையும் நிரப்பி அட்டவணையைப் பூட்டிவிடுகின்றன.) மாறுகிற முகவரிகள் அனைத்தும் இவ்வாறு ஒவ்வொரு நிரலின் சொந்த அட்டவணைக்கு ஒதுங்கிவிடுவதால், நூலகத்தின் உடல் மாறாமல் நிற்கிறது, நூறு நிரல்கள் ஓடினும் நினைவகத்தில் அதன் பிரதி ஒன்றே போதும்.

இந்தப் பொது நூலக ஏற்பாட்டின் வரலாறு சுருக்கமானதே: 1960-களில் அமெரிக்காவின் மல்டிக்ஸ் என்ற இயங்குதளம் இதற்கு வழிகாட்டியது, 1985-இன் முதல் விண்டோஸிலும், 1988-இன் சன் ஓ.எஸ். நான்காம் பதிப்பிலும் இது இருந்தது.

நமக்கும் இதில் சொந்தப் பிரயோஜனம் உண்டு. ‘கொ’ என்று தட்டினால் கணினி சேமிப்பது ககரமும் அதன்பின் ஒரு குறியுமே; அக்குறியை இரண்டாகப் பிளந்து, கொம்பை முன்னும் காலைப் பின்னும் நிறுத்துவது லினக்ஸில் ஹார்ஃப்பஸ் என்ற பொது நூலகத்தின் வேலை. சி-டாக் நிறுவனம் உருவாக்கிய பாஸ் லினக்ஸ் போன்ற அமைப்புகளில், அந்த ஒரு பிரதியில் பிழை திருந்தினால் அதை நாடும் நிரல்கள் அனைத்திலும் தமிழ் திருந்துகிறது.

இனி வாசகரின் கோளாறு. அவர் குறிப்பிட்ட கோப்பு தனிக் கோப்பன்று. மைக்ரோசாஃப்டின் விஷுவல் சி பிளஸ் பிளஸ் மறுவிநியோகத் தொகுப்பில் ஓர் உறுப்பு. ஆகவே, கூவுகிற தளங்கள் தரும் ஒற்றைக் கோப்பை நாடாமல், தொகுப்பு முழுவதையும் அந்நிறுவனத்தின் தளத்திலிருந்தே பெற்று நிறுவ வேண்டும். 64 பிட் தொகுப்பை நிறுவிய பின்னும் அறிவிப்பு நீங்காவிட்டால், நிரல் 32 பிட் வகையாக இருக்கலாம். அதற்குரிய தொகுப்பு வேறு, இரண்டையும் ஒருசேர நிறுவுவதில் தீங்கில்லை. லினக்ஸ் உபயோகிப்பவர்கள் ‘எல்டிடி’ என்ற கட்டளையை நிரல் கோப்பின் முழுப் பாதையோடு இட்டால் அகப்படாத நூலகம் எதுவென்று தெரிந்துவிடும். ஆயினும் நம்பிக்கையற்ற நிரலின்மீது அதை ஏவலாகாது, அந்நிரலே ஓடிவிடக்கூடும். பழைய நிரல் ஓப்பன் எஸ்.எஸ்.எல். 1.1-ஐக் கேட்டால், மூன்றாம் பதிப்புக்கு அந்தப் பெயரைச் சூட்டி ஏமாற்ற முயலவும் வேண்டாம். பெயரின் ஈற்றிலுள்ள எண் மாறியது, பழைய அழைப்புகளுக்குப் புதிய நூலகம் பொருந்தும் என்ற உறுதி இல்லை என்பதற்காகவே.