ஊரே பாடியது, ஊரே திட்டியது! "கொலவெறி" பாட்டு கிளப்பிய பரபரப்பு

காதலில் தோற்றவன் முன்பெல்லாம் தாடி வளர்த்தான். தேவதாஸ் மாதிரி குடித்தான். 2011-ல் வந்தவனோ அரைகுறை இங்கிலீஷில் பாட்டுப் பாடினான். ஊரே தாளம் போட்டது!

அதுதான் "ஒய் திஸ் கொலவெறி டி".

"3" படத்துக்காக எழுதிப் பாடியவர், நடிகர் தனுஷ். இசை அமைத்தவர் அனிருத். அவருக்கு அது முதல் படம். டைரக்டர், ஐஸ்வர்யா.

வேலை முழுசாக முடியும் முன்பே பாட்டு வெளியே கசிந்துவிட்டது. இனி மூடி வைத்துப் பயன் இல்லை என்று, நவம்பர் 16-ந்தேதி யூடியூபில் வெளியிட்டார்கள்.

அவ்வளவுதான்! டீக்கடை, பஸ், கல்யாண மண்டபம், எங்கும் அதே பாட்டு. தமிழ் தெரியாத வடநாட்டிலும் சக்கைப்போடு போட்டது. பிரதமர் மன்மோகன்சிங், ஜப்பான் பிரதமருக்கு டிசம்பரில் கொடுத்த விருந்துக்கு தனுசும் அழைக்கப்பட்டார்.

எதிர்ப்பு

"இது தமிழா, இங்கிலீசா?" என்று பலர் முகம் சுளித்தார்கள். இந்திப் பாடலாசிரியர் ஜாவேத் அக்தர், மெட்டு சாதாரணம், வார்த்தைகள் ரசனைக்கே அவமானம் என்று சாடினார்.

இன்னொரு கேள்வியும் கிளம்பியது. விட்டுப்போன பெண்ணைப் பாட்டு முழுக்கக் குறை சொல்கிறானே, அவள் பக்க நியாயம் என்ன? அதைப் பாட்டு சொல்லவே இல்லை!

2012 மார்ச் 30-ந்தேதி படம் வந்தது. பாட்டு ஓடிய ஓட்டம் படம் ஓடவில்லை. பாட்டோ கேலி, படமோ சோகக் கதை.

பாடட்டும், ஆடட்டும், தப்பே இல்லை. ஆனால் தம்பிமார்களே, ஒரு பெண் "வேண்டாம்" என்றால் விட்டுவிடுங்கள். கொலைவெறி பாட்டோடு நிற்கட்டும்!