ரிஷப மண்டலமும் திருமறையின் அறுமீனும்

திருமறையில் விண்மீன்களின் தனிப்பெயர்கள் மிகச் சிலவே. அவற்றுள் ஒன்று மூன்று இடங்களில் வருகின்றது. எபிரேயத்தில் அதன் பெயர் கீமா. நமது சபைகளில் வழங்கும் பழைய திருப்புதல் அதனை அறுமீன் என்று மொழிபெயர்க்கின்றது (யோபு 9:9, 38:31, ஆமோஸ் 5:8). தமிழ் மக்கள் கார்த்திகை என்று அழைப்பதும் இதனையே. இக்கூட்டம் ரிஷபம் என்னும் இராசி மண்டலத்தில் அமைந்துள்ளது.

ஆயர்களாகிய நாம் இம்மண்டலத்தைப் பற்றி ஏன் அறியவேண்டும்? காரணங்கள் இரண்டு. நம் சபையாரிற் பலர் ஞாயிறுதோறும் ஆலயத்திற்கு வருகின்றனர். ஆயினும் பிள்ளை பிறந்தாலும் திருமணம் பேசினாலும் நட்சத்திரம் பற்றிய அச்சம் அவர்களை விட்டபாடில்லை. மறுபுறம், நமது பிரசங்க பீடங்களிலேயே விண்மீன்களுக்குள் மறைபொருள் தேடும் வழக்கம் தலைகாட்டுகின்றது. இவ்விரண்டையும் நேர்மையாகச் சந்திக்க வேண்டுமாயின், வானத்தில் உள்ளது யாது, மனிதர் அதைப் பற்றிக் கூறியது யாது, திருமறை கூறுவது யாது என மூன்றையும் பிரித்தறிதல் வேண்டும்.

1. வானில் காணப்படுவது

டிசம்பர் மாதத்து முன்னிரவில் கிழக்கு வானை நோக்கினால், மூன்று விண்மீன்கள் ஒரே வரிசையில் நிற்பதைக் காணலாம். அது மிருகசீரிஷ மண்டலத்தின் இடைக்கச்சை. அவ்வரிசையை மேல்நோக்கி நீட்டினால் செந்நிறமான ஒளிமிக்க விண்மீன் ஒன்று தோன்றும். அதுவே ரோகிணி. இன்னும் சற்று மேலே சென்றால் சிறு கொத்தாக மின்னும் அறுமீனை அடைவோம்.

ரோகிணி ஏறத்தாழ 65 ஒளியாண்டுத் தொலைவில் உள்ள பெருவிண்மீன். அதன் விட்டம் சூரியனின் விட்டத்தைப் போல் 40 மடங்கிற்கும் மிகுதி. அராபியர் இதற்கு அல்தெபரான், அதாவது பின்தொடர்வது, என்று பெயரிட்டனர். அறுமீனைத் தொடர்ந்து இது உதிப்பதே காரணம். இதனைச் சூழ்ந்து ஆப்புவடிவில் நிற்கும் சிறு விண்மீன்களைக் கிரேக்கர் ஐயாதெஸ் என்றனர். இவை காளையின் முகமாகக் கொள்ளப்படும். ரோகிணி இவற்றோடு சேர்ந்ததுபோல் தோன்றினும், இவை ஏறத்தாழ 150 ஒளியாண்டுத் தொலைவில், ரோகிணிக்கு வெகு அப்பால் உள்ளன. கண்ணுக்கு ஒன்றாகத் தோன்றுவன யாவும் உண்மையில் ஒன்றல்ல என்பதற்கு இது நல்லதோர் எடுத்துக்காட்டு.

அறுமீனின் நிலை வேறு. அது உண்மையாகவே ஒரு குடும்பம். ஒரே வாயுத்திரளிலிருந்து ஏறத்தாழ 10 கோடி ஆண்டுகளுக்கு முன் பிறந்த ஆயிரத்திற்கும் மேற்பட்ட விண்மீன்கள் அதில் உள. வெறுங்கண்ணுக்குப் பெரும்பாலும் ஆறே தெரியும். கலிலேயோ தம் தொலைநோக்கியால் நோக்கி, 36 விண்மீன்களை வரைந்து 1610ஆம் ஆண்டில் வெளியிட்டார். இதன் தொலைவு ஏறத்தாழ 440 ஒளியாண்டுகள். தமிழின் முதல் அச்சுநூலாகிய தம்பிரான் வணக்கம் 1578இல் கொல்லத்தில் அச்சேறிய காலத்தை ஒட்டி அங்கிருந்து புறப்பட்ட ஒளியே இன்று நம் கண்களை வந்தடைகின்றது.

காளையின் கொம்பு நுனி ஒன்றின் அருகில் நண்டு வாயுமுகில் உள்ளது. 1054ஆம் ஆண்டு ஜூலைத் திங்களில் சீன வானநூலார் அவ்விடத்தில் புதிய விண்மீன் ஒன்றைக் கண்டு குறித்து வைத்தனர். அது 23 நாட்கள் பகலிலும் தெரிந்தது. வெடித்துச் சிதறிய ஒரு பெரு விண்மீனின் எச்சமே இம்முகில்.

2. மாந்தர் கூறிய கதைகள்

மெசொப்பொத்தாமியர் இம்மண்டலத்தை விண்ணகக் காளை என்றனர். கில்கமேஷ் காவியத்தில் இஷ்டார் தேவி தன்னை அவமதித்தவனைத் தண்டிக்க அக்காளையை ஏவுகின்றாள். பாபிலோனிய வானநூலாகிய முல்அப்பின், திங்களின் பாதையில் உள்ள மண்டலங்களை அறுமீனிலிருந்தே எண்ணத் தொடங்குகின்றது. கிரேக்கரோ, சேயுஸ் காளை உருக்கொண்டு ஐரோப்பா என்னும் இளவரசியைக் கடல் கடத்திச் சென்றான் என்றனர். அறுமீனை அத்லாஸின் ஏழு புதல்வியர் ஆக்கினர். கண்ணுக்கு ஆறே தெரிவதால், ஒருத்தி நாணத்தால் முகம் மறைத்தாள் எனக் கதையும் கட்டினர். கவிஞர் எசியோத், அறுமீன் உதிக்கும்போது அறுவடையையும் மறையும்போது உழவையும் தொடங்குமாறு உழவர்க்கு அறிவுறுத்தினார்.

நம் நாட்டிலும் பழைய வேதநூல்களின் நட்சத்திர வரிசை கிருத்திகையிலிருந்தே தொடங்கிற்று. அசுவினி முதலிடம் பெற்றது பின்னரே. முருகனைப் பாலூட்டி வளர்த்த அன்னையர் அறுவர் என்ற கதை யாவரும் அறிந்ததே. அறுமீனோடு திங்கள் சேரும் இரவில் விளக்கேற்றி விழாக்கொண்டாடிய செய்தி அகநானூற்றில் உள்ளது. ரோகிணியும் அதனைச் சூழ்ந்த மீன்களும் வண்டியின் வடிவில் தோன்றியதால் சகடம் எனப்பட்டன. திங்கள் சகடத்தோடு கூடும் நாள் மணநாளாகக் கொள்ளப்பட்டதையும் அந்நூலிலேயே காண்கின்றோம்.

இக்கதைகளை நாம் எள்ளி நகையாடலாகாது. நாட்காட்டி இல்லாத காலத்தில் விதைக்கவும் அறுக்கவும் கடலிற் செல்லவும் வழிகாட்டிய அறிவு இவற்றுள் பொதிந்துள்ளது.

3. இராசியும் விண்மீனும்

எனினும், ஒருவன் பிறந்த இராசி அவன் வாழ்வை ஆளும் என்னும் கூற்று வேறு வகைத்து. அதன் அடிப்படையை ஆராய்தல் நலம்.

பூமியின் அச்சு பம்பரம்போல் மெல்லச் சுழல்கின்றது. ஒரு சுற்று முடிய ஏறத்தாழ 26,000 ஆண்டுகள் ஆகும். இதனால் இளவேனிற் சமநாளில் சூரியன் நிற்கும் இடம் விண்மீன்களிடையே 72 ஆண்டுகளுக்கு ஒரு பாகை வீதம் பின்னோக்கி நகர்கின்றது. கி.மு. மூன்றாம் ஆயிரத்தாண்டில் அவ்விடம் ரிஷபத்தில் அறுமீனின் அருகே இருந்தது. இன்று அது மீன மண்டலத்தில் உள்ளது. மேனாட்டுச் சோதிடர் சமநாளிலிருந்தே இராசிகளை எண்ணுவதால், ஏப்ரல் 20 முதல் மே 20 வரை பிறந்தோரை ரிஷபத்தார் என்பர். நம் நாட்டுச் சோதிடரோ விண்மீன்களை ஒட்டி எண்ணி, வைகாசித் திங்களையே சூரியன் ரிஷபத்தில் நிற்கும் காலம் என்பர். ஆகவே மே 5ஆம் நாளில் பிறந்த குழந்தையின் சூரியன் ஒருவர் கணக்கில் ரிஷபத்தில் நிற்கின்றான். மற்றவர் கணக்கில் மேஷத்தில் நிற்கின்றான். ஒரே வானத்தின்கீழ் ஒரே குழந்தைக்கு இரு வேறு முடிவுகள் உரைக்கப்படுகின்றன.

இனி, நம் சபை மக்களை வாட்டும் ஒரு வழக்குச் சொல்லை எடுத்துக்கொள்வோம். ரோகிணியில் பிறந்த பிள்ளை தாய்மாமனுக்கு ஆகாது என்பர். கண்ணன் ரோகிணியில் பிறந்து தன் மாமன் கம்சனைக் கொன்ற கதையே இதற்கு மூலம். ரோகிணியில் பிறத்தல் என்பது, அவ்வேளையில் திங்கள் வானத்தின் அப்பகுதியில் காணப்பட்டது என்பதேயன்றி வேறன்று. திங்கள் நமக்கு 3,84,000 கிலோமீட்டர் தொலைவில் உள்ளது. அதன் ஒளி ஒன்றேகால் வினாடியில் நம்மை அடைகின்றது. ரோகிணியின் ஒளி வந்துசேர 65 ஆண்டுகள் ஆகின்றன. குழந்தை பிறந்த இரவில் தெரிந்த ரோகிணியின் ஒளி, பெரும்பாலும் அதன் பெற்றோர் பிறப்பதற்கு முன்னரே புறப்பட்டதாகும். இவ்விரண்டும் ஒரு குழந்தையின் மீது சதிசெய்யக் கூடிவருவதில்லை. ஆயினும் இச்சொல்லினால் பச்சிளங் குழந்தை ஒன்று தன் உறவினரால் அச்சத்தோடு நோக்கப்படுகின்றது. தாயின் மனம் புண்படுகின்றது. இது சிறிய தீங்கன்று.

4. யோபும் ஆமோசும்

யோபு 38ஆம் அதிகாரத்தில் கடவுள் பெருங்காற்றிலிருந்து பேசுகின்றார். அறுமீனைப் பிணைக்கவும் மிருகசீரிஷத்தைக் கட்டவிழ்க்கவும் உன்னால் ஆகுமோ என்பது வினாவின் கருத்து. இங்கு வரும் மாஅதன்னோத் என்னும் எபிரேயச் சொல்லின் பொருள் ஆய்வுக்குரியது. கட்டுகள் என்றும் இன்பங்கள் என்றும் இருவகையாக அதனைக் கொள்வர். கிரேக்க எழுபதின்மர் மொழிபெயர்ப்பு, கட்டு என்றே கொண்டது. நமது பழைய திருப்புதலிலோ சுகிர்தம், சங்கிலி என்னும் இரு சொற்களும் அருகருகே நின்று இரு பொருளையும் காக்கின்றன. வசனத்தின் இரு பகுதிகளும் பிணைத்தல், அவிழ்த்தல் என இணையாக நிற்பதால், கட்டு என்பதே பொருத்தம் எனக் கருதுகின்றோம்.

அறுமீன் ஈர்ப்பு விசையால் பிணைக்கப்பட்டுள்ளது, ஆகவே யோபுவின் ஆசிரியர் இன்றைய வானநூலை முன்னரே அறிந்திருந்தார் எனப் பிரசங்கிப்போர் உளர். இவ்வாதம் நிலைக்காது. அக்கூட்டமும் இன்னும் ஏறத்தாழ 25 கோடி ஆண்டுகளில் சிதறிவிடும் என்பதே இன்றைய கணிப்பு. அறிவியலின் இன்றைய முடிபில் வசனத்தைத் தொங்கவிட்டால், நாளை அம்முடிபு மாறும்போது வசனமும் விழுந்ததாகத் தோன்றும். யோபுவின் நோக்கம் வேறு. பிள்ளைகளை இழந்து சாம்பலில் அமர்ந்திருக்கும் மனிதனுக்கு, அவன் ஆளாத ஓர் உலகம் கடவுளின் கையில் இருப்பது காட்டப்படுகின்றது. அவன் துன்பத்திற்கு விளக்கம் தரப்படவில்லை. ஆனால் அவன் கைவிடப்படவும் இல்லை.

இவ்வாறே, இராசி மண்டலங்களில் நற்செய்தி மறைவாக எழுதப்பட்டுள்ளது என 19ஆம் நூற்றாண்டில் யோசேப்பு செய்ஸ், புல்லிங்கர் ஆகியோர் நூல்கள் எழுதினர். இன்றும் இக்கருத்து நம்மிடையே பரவுகின்றது. காளை உருவம் பாபிலோனியரிடமிருந்து வந்தது. திருமறையோ ரிஷபத்தை எங்கும் காளை என்று கூறவில்லை. சீனாய் மலையடியில் வார்த்த கன்றுக்குட்டியை இம்மண்டலத்தோடு இணைக்கவும் வசன ஆதாரம் இல்லை. இராசி மண்டலங்களுக்குத் தூபங்காட்டினோரை யோசியா அகற்றினான் என்றே படிக்கின்றோம் (2 இராஜாக்கள் 23:5).

ஆமோசின் வசனம் நிற்கும் இடம் கவனிக்கத்தக்கது. அதற்கு முந்திய வசனம் நியாயத்தை எட்டியாக மாற்றுவோரைக் கண்டிக்கின்றது. பின்வருவன ஏழையை மிதித்து அவனிடம் தானியம் பறிப்போரைக் கண்டிக்கின்றன. இவற்றின் நடுவே அறுமீனைப் படைத்தவரின் துதி வருகின்றது. அன்றைய உழவர் அறுமீன் விடியலில் மறையும் பருவத்தில் முன்மாரியை எதிர்பார்த்தனர். மழையையும் பருவத்தையும் தருபவர் எவரோ, அவரே ஏழையின் தானியத்திற்குக் கணக்குக் கேட்பவர் என்பது தீர்க்கதரிசியின் முடிபு. விண்மீன் இங்கு விதியைக் கூறவில்லை, நீதியை வற்புறுத்துகின்றது.

5. அருட்பணியில்

1054இல் விண்மீன் வெடிப்புத் தெரிந்த அதே ஜூலைத் திங்களில்தான் உரோமைத் திருச்சபையும் கொன்ஸ்தாந்தினோபிள் திருச்சபையும் சாபத்தீர்ப்பால் பிளவுற்றன. இதனை வானத்து அடையாளம் என்று கூறுவது எளிது. ஆனால் அவ்வெடிப்பு நிகழ்ந்தது அந்த ஆண்டுக்கும் ஏறத்தாழ 6,500 ஆண்டுகளுக்கு முன்னர். அவ்வொளி 1054இல் வந்து சேர்ந்தது, அவ்வளவே. பிளவுக்குக் காரணம் மனிதரின் பெருமையும் பொறுமையின்மையும். 1965 டிசம்பர் 7இல் அச்சாபத்தீர்ப்புகள் இருதரப்பிலும் நீக்கப்பட்டபோது, அதற்கு எந்த விண்மீனும் தேவைப்படவில்லை. மனம் திரும்புதலே தேவைப்பட்டது.

ஆகவே சபையாரின் அச்சத்தை ஏளனத்தால் போக்க முயலாதிருப்போம். வானநூல் அறிவு மட்டுமே அச்சத்தை நீக்கிவிடும் என்றும் எண்ணாதிருப்போம். ஆதியாகமத்தின் முதல் அதிகாரம் விண்மீன்களைப் படைப்புப் பொருள்களாகவே காட்டுகின்றது. காலங்களைக் குறிப்பது அவற்றின் ஊழியம். ஊழியக்காரனைக் கண்டு வீட்டுப் பிள்ளைகள் நடுங்குவதில்லை. ரோகிணியில் பிறந்த குழந்தையைத் திருமுழுக்கிற்குக் கொண்டுவரும்போது, அதன் தாய்மாமனையும் அருகே அழைத்து, அவர் கையிலேயே குழந்தையைக் கொடுத்து, இருவருக்காகவும் மன்றாடுவோமாக. நீண்ட பிரசங்கம் செய்யாததை அச்செயல் செய்யக்கூடும்.