அந்த முகத்தைப் பார்த்திருப்பீர்கள்... பெயர் தெரியுமா?

கிரஹாம் கிரீன் என்றதும் ஆங்கில நாவலாசிரியரை நினைத்துவிடாதீர்கள். இவர் வேறு! 1952-ல் கனடாவின் ஒன்டாரியோ மாகாணத்தில், சிக்ஸ் நேஷன்ஸ் பூர்வகுடிப் பகுதியின் ஓஸ்வேகன் ஊரில் பிறந்த ஒனைடா இனத்து நடிகர். முகத்தைப் பார்த்தால், ‘அட, இவரா!’ என்பீர்கள்.

நடிக்க வருமுன் என்னென்ன வேலை பார்த்தார் தெரியுமா? டிராஃப்ட்ஸ்மேன், உருக்குத் தொழிலாளி, ராக் இசைக்குழுவின் உதவியாளர்! பிறகு 1970-களில் நாடக மேடை.

1990-ல் வந்தது ‘டான்ஸஸ் வித் வுல்வ்ஸ்’. அதில் கிக்கிங் பேர்ட் என்ற சூ இனத்துப் பெரியவராக லகோட்டா மொழியில் அப்படிப் பேசுகிறாரே, தாய்மொழி என்றுதானே நினைத்தோம்? இல்லவே இல்லை! ஒனைடா ஒரு மொழிக் குடும்பத்தைச் சேர்ந்தது, லகோட்டா முற்றிலும் வேறு குடும்பத்தைச் சேர்ந்தது. படத்துக்காகவே கற்றுக்கொண்டார்! அந்தக் காட்சி நினைவிருக்கிறதா? வெள்ளைப் படைவீரராக வரும் கெவின் காஸ்ட்னர் விரல்களைக் கொம்பாக வைத்துக்கொண்டு மண்ணில் தவழ்கிறார். பக்கத்தில் இருப்பவர், இவனுக்குப் புத்தி பேதலித்துவிட்டது என்கிறார். கிரீனோ உற்றுப் பார்க்கிறார். மெல்ல முகம் மலர்கிறது. ‘தடாங்கா!’ காட்டெருமை! இரண்டு உலகங்கள் ஒரே சொல்லில் சந்தித்துவிட்டன. சிறந்த துணை நடிகருக்கான ஆஸ்கர் பரிந்துரை அவருக்குக் கிடைத்ததில் வியப்பே இல்லை. விருது ‘குட்ஃபெல்லாஸ்’ ஜோ பெஷிக்குப் போனது.

அதன்பின் பூர்வகுடிப் பெரியவர் வேடத்திலேயே முடங்கிப்போனாரா? 1995-ல் ‘டை ஹார்ட்’ மூன்றாம் படத்தில் அவர் நியூயார்க் போலீஸ் துப்பறிவாளர்! கனடாவின் ‘ரெட் கிரீன் ஷோ’வில் வெடிமருந்துப் பித்துப்பிடித்த எட்கர்! ‘ரிசர்வேஷன் டாக்ஸ்’ தொடரில் வேற்றுக்கிரகவாசிகளை நம்பித் தனியே வாழும் கிழவர்! குழந்தைகளுக்கான கதை ஒலித்தொகுப்பு ஒன்றுக்குக் குரல் கொடுத்து கிராமி விருதும் பெற்றார். 2018-ல் ‘ரெட் டெட் ரிடெம்ப்ஷன் 2’ வீடியோ கேமில் ரெய்ன்ஸ் ஃபால் என்ற தலைவரும் அவர்தான்.

ஆனால் என்னை உலுக்கியது ‘தி கிரீன் மைல்’தான். 1999-ல் வந்த மூன்று மணி நேரப் படத்தில் அவருக்குச் சில நிமிடங்களே. மின்நாற்காலிக்குப் போகவிருக்கும் கைதி, காவலரான டாம் ஹாங்ஸிடம் கேட்கிறார்: மனதார வருந்தினால், வாழ்வில் மிக இன்பமாக இருந்த காலத்துக்கே திரும்பிப்போய் என்றைக்கும் அங்கேயே இருக்கலாமா? பிறகு, பதினெட்டு வயதில் இளம் மனைவியோடு மலையில் கழித்த முதல் கோடையைச் சொல்கிறார். அழவில்லை, குரல் உயரவில்லை. நமக்குத் தொண்டை அடைக்கிறது! எத்தனை நிமிடம் வந்தார் என்று யார் கணக்குப் பார்ப்பார்கள்?

இன்னொன்று தெரியுமா? 2007-ல் கனடாவின் புகழ்பெற்ற ஸ்ட்ராட்ஃபோர்டு நாடக விழாவில் ஷேக்ஸ்பியரின் யூத வட்டிக்காரர் ஷைலாக்காக மேடையேறினார்! ஊராரால் ஒதுக்கி இழிவுபடுத்தப்பட்ட அந்த மனிதனின் கோபத்தை, ஒதுக்கப்பட்ட ஓர் இனத்தின் மகன் சுமந்தார். அதைவிடப் பொருத்தமான தேர்வு எனக்குத் தோன்றவில்லை.

2015-ல் ஆர்டர் ஆஃப் கனடா தேடி வந்தது. 2025 செப்டம்பர் 1 அன்று, 73-ஆம் வயதில், அதே ஸ்ட்ராட்ஃபோர்டில்தான் கண்மூடினார்.