கடல் விலகி வழிவிடும் தீவு

கதைகளில் வரும் மந்திரக் கடலை நாம் எல்லோரும் அறிவோம். மந்திரவாதி கோலை நீட்டுவான். அலைகள் இருபுறமும் ஒதுங்கும். இளவரசி நடுவே நடந்து அக்கரை சேர்வாள். கட்டுக்கதை என்று சொல்லிப் புத்தகத்தை மூடிவிடுவோம். ஆனால் தோழியரே, மந்திரக்கோல் ஏதுமின்றி ஆண்டுதோறும் விலகி வழிவிடும் கடல் ஒன்று உண்மையிலேயே இருக்கிறது!

தென்கொரியாவின் தென்மேற்கு மூலையில் உள்ளது ஜிந்தோ தீவு. அதன் கரையோரச் சிற்றூர் ஹோய்தோங். அதற்கு எதிரே கடலுக்குள் மோதோ என்னும் சிறு தீவு. இளவேனிற் காலத்தில், பெரும்பாலும் மார்ச், ஏப்ரல் மாதங்களில், குறிப்பிட்ட சில நாட்களில் இரண்டுக்கும் நடுவே நீர் வடிந்து, சுமார் 2.8 கிலோமீட்டர் நீளமும் 40 மீட்டர் அகலமும் உள்ள பாதை ஒன்று வெளிப்படுகிறது. ஏறத்தாழ ஒரு மணி நேரந்தான்! அதற்குள் மக்கள் ரப்பர் காலணிகளை மாட்டிக்கொண்டு, சிப்பிகளும் கடற்பாசியும் பொறுக்கியபடி நடக்கிறார்கள். 1975ஆம் ஆண்டில் இதைக் கண்டு வியந்த பிரெஞ்சுத் தூதர் ஒருவர், மோயீசனின் புதுமையோடு ஒப்பிட்டு எழுதினார். அதன்பின் இதன் புகழ் உலகெங்கும் பரவியது.

அவ்வூரார் சொல்லும் பழங்கதை வேறு. முன்னொரு காலத்தில் ஹோய்தோங்கில் புலிகளின் தொல்லை மிகுந்ததாம். ஊரார் அனைவரும் மோதோவுக்குத் தப்பி ஓட, பொங் பாட்டி என்னும் மூதாட்டி மட்டும் தனித்து விடப்பட்டாள். தன் மக்களை ஒருமுறையேனும் காண வேண்டுமென்று கடல் தெய்வத்தை அவள் இரவும் பகலும் வேண்டினாள். கடல்மீது வானவில் தோன்றும் எனக் கனவில் வாக்குக் கிடைத்தது. மறுநாள் கடல் விலகியது. ஊரார் பறையும் மணியும் முழங்க அவளைத் தேடி ஓடிவந்தனர். அவர்களைக் கண்ட மகிழ்ச்சியிலேயே பாட்டி உயிர் துறந்தாள். புலியோடு நிற்கும் அவளுடைய சிலை இன்றும் அக்கரையில் உள்ளது.

சரி, இதன் காரணம் என்ன? கடல்நீரைத் தன்பால் இழுப்பதில் முதலிடம் சந்திரனுக்கே. சூரியன் மிகப் பெரியதாயினும் தொலைவில் இருப்பதால், அதன் பங்கு சந்திரனுடையதில் பாதிக்கும் சற்றுக் குறைவு. அமாவாசை, பௌர்ணமி நாட்களில் இரண்டும் ஒரே நேர்கோட்டில் அமைந்து கூடி இழுக்கின்றன. அப்போது நீர் மிக உயர்ந்து, மிகத் தாழ்கிறது. சந்திரன் பூமியை நெருங்கிவரும் நாளும் அதனோடு சேர்ந்தால் வற்றம் இன்னும் மிகுதியாகும். மேலும் குளிர்காலம் கழியும் வேளையில் அப்பகுதிக் கடலின் சராசரி மட்டமே தாழ்ந்திருக்கும். இவை அனைத்தும் ஒன்றுகூடும் நாளில், ஹோய்தோங்குக்கும் மோதோவுக்கும் இடையே கடலடியில் மேடாகப் படிந்துள்ள மணலும் சரளையும் தலைகாட்டுகின்றன. கடல் பிளக்கவில்லை, மேட்டின் இருபுறமும் நீர் தாழ்ந்துவிடுகிறது, அவ்வளவே.

சென்னைக் கடற்கரையில் ஏற்றத்துக்கும் வற்றத்துக்கும் உள்ள வேறுபாடு ஏறத்தாழ ஒரு மீட்டர்தான். ஆகவே இத்தகைய காட்சி நமக்குப் புதுமையாகத் தோன்றுகிறது. கொரியாவின் மேற்குக் கரையில் உள்ள இஞ்சியோன் துறைமுகத்திலோ அது சுமார் 9 மீட்டர், அதாவது மூன்று மாடி உயரம்!

இந்த அறிவு வெறும் வேடிக்கைக்கு உரியதன்று. ஜிந்தோவுக்கும் கொரிய நிலப்பரப்புக்கும் நடுவே உள்ள குறுகிய நீரிணையில் ஓத நீரோட்டம் சீறிப் பாயும். சில மணி நேரத்துக்கு ஒருமுறை திசை மாறும். 1597ஆம் ஆண்டு தளபதி யி சுன்-சின் பதின்மூன்றே கப்பல்களுடன் அங்கே நின்று, நூற்றுக்கும் மேற்பட்ட ஜப்பானியப் போர்க்கப்பல்களைத் தடுத்து வென்றார். அந்த நீரின் போக்கை அவர் அறிந்திருந்தார். கடற்பாதையில் நடப்போருக்கும் அவ்வறிவே காவல். நேரத்தை மறந்து நடுவழியில் நிற்பவருக்காகக் கடல் காத்திராது. ஆதலால் வற்றம் நிகழும் நாளையும் மணியையும் முன்கூட்டியே கணித்து அறிவிக்கிறார்கள்.

அப்படியானால் வேதாகமத்தில் வரும் செங்கடல் நிகழ்ச்சியும் இதுதானா என்று சிலர் கேட்கக்கூடும். இரண்டையும் குழப்பிக்கொள்ள வேண்டாம். அங்கே அடிமைப்பட்ட மக்களை மீட்க ஆண்டவர் வழி திறந்தார். இரவு முழுவதும் கீழ்க்காற்று வீசியதாக மறைநூல் கூறுகிறது. இங்கே நடப்பது கணக்குப் பிசகாமல் திரும்பத் திரும்ப வரும் ஓதம். ஆயினும் காரணம் தெரிந்துவிட்டதால் வியப்புக் குறைந்துவிடுமா? ஏறத்தாழ 3,84,000 கிலோமீட்டருக்கு அப்பால் சுற்றும் ஒரு கோளம், ஒரு சிற்றூரின் வாசலில் கடலை விலக்கிப் பாதை போடுகிறதே! அந்த ஒழுங்கை அமைத்தவரின் கைவண்ணத்தைக் கண்டு நம் தலை தானாகத் தாழ்கிறது.

பொங் பாட்டியின் கதையில் இன்னொன்றையும் கவனியுங்கள். கடல் வழிவிட்டது அவள் தப்பி ஓடுவதற்காக அன்று. விட்டுச் சென்றவர்கள் அவளிடம் திரும்பி வருவதற்காக. ஊரார் அந்த ஒரு மணி நேரத்தை வீணாக்கவில்லை. தனித்து விடப்பட்ட முதியோர் நம் தெருவிலும் இருக்கிறார்கள். அவர்களிடம் செல்ல நாம் கடல் எதையும் கடக்க வேண்டியதில்லையே, தோழியரே!